‘காணுமோ’ என்று கேட்டால்

1. பாயில் படுத்த கெஸ்ட்

குருநகரில் பிலோமினா அக்கா வீட்டு முன்னறையில், அந்தோனியார் படத்துக்குக் கீழே விரித்த பாயில், என்னுடைய கெஸ்ட் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டு படுத்திருந்தாள். பெயர் யுகிகோ. ஜப்பானில் ஒரு பயண ஏஜென்சி அவளை அனுப்பியிருந்தது. எங்கள் சாப்பாட்டு டூரை அவள் நடந்து பார்த்து நல்லது என்று சொன்னால் சீசன் முழுக்கக் குழுக்கள் வரும். சரியில்லை என்றால் ஒருவரும் வரமாட்டார்கள். எங்கள் தொழிலில் இதற்கு ட்ரையல் டூர் என்று பெயர். அந்த ட்ரையலில்தான் கெஸ்ட் பாயில் கிடக்கிறாள். கைபேசியில், டூரை நடத்துகிற ஹோட்டலின் முகாமையாளர் கத்துகிறார்.

“ரஞ்சன் அண்ணை, நான் அப்பவே சொன்னனான் எல்லோ, வெளியிலை சாப்பாடு வேண்டாம் எண்டு! எங்கடை றெஸ்ரோறண்ட் என்ன வடிவுக்கே கிடக்கு? இண்டையோடை அந்த வீட்டு லஞ்ச் கட். நான் வானோடை வாறன், பிள்ளையை ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போவம்.”

என் கைபேசி பழசு. நான் காதில் வைத்தால் பக்கத்து வீட்டுக்கும் கேட்கும். அக்காவுக்கும் கேட்டுவிட்டது. தலைக்கு மேலே புதிதாகப் பூட்டிய ஃபான் சுற்றிக்கொண்டிருந்தது. அதை நம்பாமல் அக்கா யுகிகோவின் தலைமாட்டில் இருந்து ஓலை விசிறியால் வீசிக்கொண்டே இருந்தார்.

கைட் வேலைக்குப் புதிதாக வருகிற பிள்ளைகள், இங்கிலீஷ் எவ்வளவு தெரியவேண்டும், ஜப்பானியம் படிக்கவேண்டுமா என்றெல்லாம் என்னைக் கேட்கிறார்கள். தமிழ் எவ்வளவு தெரியவேண்டும் என்று இதுவரை ஒருவரும் கேட்டதில்லை. அப்படிக் கேட்காதவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

2. அந்த ஃபான் வந்த கதை

பிலோமினா அக்கா மீன்சந்தையில் நின்று மீன் விற்றவர். முழங்கால் வருத்தம் வந்தபிறகு அவரால் முன்போல நெடுநேரம் நிற்க முடியவில்லை. இருந்து சமைக்கலாம். காய்ந்த பனங்கிழங்கு மாவில் அவர் வைக்கிற ஒடியல் கூழைக் குடித்தவர்கள் குருநகரை மறக்கமாட்டார்கள். நானே பலமுறை பசி இல்லாத நேரத்திலும் அந்தப் பக்கம் வேலை இருப்பதுபோலப் போயிருக்கிறேன்.

டூர் புரோகிராம் போடும்போது, காலையில் கொடிகாமம் சந்தை, பிறகு குருநகர்க் கரை, மத்தியானம் அக்கா வீட்டில் கூழ் என்று நான் எழுதிக் கொடுத்தேன். முகாமையாளர் கடைசி வரியை வெட்டினார். நான் திரும்ப எழுதினேன். அவர் திரும்ப வெட்டினார். கடைசியில், “சரி அண்ணை, ட்ரையலுக்கு மட்டும்” என்று விட்டார்.

அந்த ஒரு சொல்லை நம்பி அக்கா சுவருக்கு வெள்ளை அடித்தார், ஃபான் பூட்டினார், புதுப் பாய் வாங்கினார். “தம்பி, இது மட்டும் சரிவந்திட்டுதெண்டா நான் இனிச் சந்தையிலை போய் நிக்கத் தேவையில்லை” என்றார். அதைச் சொல்லும்போது முழங்காலைத் தடவிக்கொண்டார். டூர் சரிவராவிட்டால் எனக்கு வேறு டூர் இருக்கிறது. அவருக்கு அந்த முன்னறை மட்டும்தான்.

3. சந்தையில் இந்தியாத் தமிழ்

யுகிகோவுக்குத் தமிழ் தெரியும். மதுரையில் தங்கிப் படித்தவள். முதல் நாளே என்னிடம், “என்கிட்ட தமிழ்லயே பேசுங்க, இங்கிலீஷ் வேணாம்” என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டாள். என் மகளின் வயது, அதனால் அவள் என்றே எழுதுகிறேன். வேலை இப்படிச் சுகமாக அமைந்தது இதுவே முதல் தடவை என்று எனக்குள் ஒரே புளுகம், ஒரே சந்தோஷம்.

கொடிகாமம் சந்தையில் அவள் வாயைத் திறந்ததும் வியாபாரம் பாதி நின்றுபோயிற்று. பனங்கிழங்கை அவித்துக் காயவைத்த புழுக்கொடியல் விற்கிற வல்லிபுரம் ஐயாவிடம், “இது என்ன விலைங்க?” என்று கேட்டாள். அவர் என்னைப் பார்த்தார்.

“உவ இந்தியாவோ?”

“இல்லை ஐயா, ஜப்பான்.”

“அப்ப ஏன் இந்தியாத் தமிழ்?” பிறகு அவளைப் பார்த்து, “பிள்ளை நல்லாக் கதைக்கிறாய்” என்றார்.

அவள் முகம் வாடிவிட்டது. “நான் கதை விடல, உண்மையாத்தான் விலை கேட்டேன்” என்றாள்.

இங்கே கதைப்பது என்றால் பேசுவது, ஐயா உன்னைப் பாராட்டுகிறார் என்று நான் விளக்கினேன். அவள் சிரித்தாள், ஐயாவும் சிரித்தார், ஒரு கட்டுப் புழுக்கொடியலும் கூடுதலாக வந்தது. இருக்கிற சிக்கல் இவ்வளவுதான் என்று நினைத்து நானும் மனதை ஆறவிட்டேன்.

இன்னொன்றையும் அங்கே கண்டேன். கையில் கொடுத்த எதையும் அவள் மிச்சம் வைக்கமாட்டாள். பனம்பழச் சாற்றைக் காயவைத்துச் செய்த பினாட்டு, முதல் தடவை தின்கிறவர்கள் மெல்ல முடியாமல் திண்டாடுவார்கள். அவள் முழுத் துண்டையும் மென்று முடித்துவிட்டுத்தான் நடந்தாள். “மிச்சம் வச்சா கொடுத்தவங்களுக்கு மரியாதை இல்ல” என்றாள். நல்ல வளர்ப்பு என்று மெச்சினேன். அந்த நல்ல வளர்ப்புத்தான் மத்தியானம் எங்களைக் கவிழ்க்கப் பார்த்தது.

4. பிளாவுக்குள் நண்டு

அக்கா அன்றைக்கு ஒரு குறையும் வைக்கவில்லை. நண்டு, இறால், கணவாய், மீன் தலை, பயித்தங்காய், பலாக்கொட்டை, மரவள்ளி, கடைசியில் முருங்கையிலை எல்லாம் போட்டு, ஒடியல் மா கரைத்து ஊற்றி, உறைக்க உறைக்கக் காய்ச்சியிருந்தார். கூழைக் கோப்பையில் கொடுக்க அவருக்கு மனமில்லை. பனையோலையில் கோலிய பிளாவை இரண்டு கையாலும் பிடித்துக் குடிக்கவேண்டும்.

“அடியிலை நண்டு கிடக்கு, பாத்துக் குடி பிள்ளை.”

யுகிகோ சத்தமாக உறிஞ்சினாள். அவள் ஊரில் நூடில்ஸை உறிஞ்சிக் குடித்தால்தான் சமைத்தவருக்குச் சந்தோஷமாம். குருநகரிலும் கூழுக்கு அதே சட்டம்தான். உறிஞ்சுகிற சத்தத்தைக் கேட்டு அக்காவின் முகம் மலர்ந்தது. பிளா வெறுமையானது.

“காணுமோ?” என்று அக்கா கேட்டார்.

யுகிகோ பிளாவுக்குள் எட்டிப் பார்த்தாள். வெளிச்சத்துப் பக்கம் சரித்தும் பார்த்தாள். “காணலைங்க” என்றாள்.

“பாத்தியே தம்பி! சப்பான் பிள்ளைக்கு என்ரை கூழ் காணேல்லையாம்!” அக்கா நண்டோடு சேர்த்து இன்னொரு அகப்பை வார்த்தார். அவள் குடித்து, நண்டையும் உடைத்துத் தின்று முடித்தாள்.

“இப்பக் காணுமோ?”

அவள் திரும்பவும் எட்டிப் பார்த்தாள். “காணலைங்க.”

இன்னொரு அகப்பை. அதற்குப் பிறகும் ஒன்று. எனக்கு ஒரு சந்தேகமும் வரவில்லை. வாய் நிறைய நண்டை வைத்துக்கொண்டு, டூர் வெற்றி என்று மனதுக்குள் எழுதிக்கொண்டிருந்தேன். இருவருமே தமிழில் பேசுகிறார்கள், நான் எதற்கு நடுவில்? கடைசிப் பிளாவை வைத்தபோது அவள் நெற்றி வியர்த்திருந்தது. “கொஞ்சம் படுத்துக்கட்டுமா?” என்று மெல்லக் கேட்டாள்.

5. முகாமையாளர் கேட்ட கேள்வி

அக்கா இஞ்சி தட்டிப் போட்ட, பால் விடாத பிளேன்ரீ கொண்டுவந்து கொடுத்தார். அதைக் குடித்துவிட்டு அவள் அயர்ந்து தூங்கிப்போனாள். அக்கா அந்தோனியாரைப் பார்த்து வாய்க்குள் ஏதோ சொன்னார். பிறகு என்னிடம், “தம்பி, லஞ்ச் போனாப் போகட்டும். பிள்ளைக்கு ஒண்டும் வரக்கூடாது. ஆரோ பெத்த பிள்ளை” என்றார். அப்போதுதான் எனக்கு உண்மையிலேயே அழுகை வந்தது.

யுகிகோ கண் விழித்தபோது முகம் தெளிந்திருந்தது. எழுந்து உட்கார்ந்ததும் முதலில் கேட்டது இது: “அக்கா, கோவிச்சுக்காதீங்க. அடியில என்ன இருக்குன்னு என்னை எதுக்குத் திரும்பத் திரும்பப் பார்க்கச் சொன்னீங்க?”

“நான் எங்கை பிள்ளை பாக்கச் சொன்னனான்?”

“காணுமோன்னு கேட்டீங்களே. நண்டு தெரியுதான்னு கேக்குறீங்கன்னு நினைச்சேன். பார்த்தேன், ஒண்ணும் இல்ல. காணலைன்னு சொன்னேன். உடனே ஊத்திட்டீங்க. ஊத்தினதை வைக்கக் கூடாதே!”

எனக்கு மண்டையில் யாரோ குட்டியதுபோல இருந்தது. எங்களுக்குக் காணும் என்றால் ‘போதும்’ என்று அர்த்தம். அவள் படித்த தமிழில் அது கண்ணால் காண்பது. அக்கா போதுமோ என்று கேட்க, அவள் போதவில்லை என்று சொல்லிக்கொண்டே இருந்திருக்கிறாள். நான் விளக்கியதும் அக்கா வாயில் கையை வைத்தார். “மாதாவே! நான் பிள்ளையைக் கொல்லப் பாத்தனே!” என்றார். பிறகு இருவரும் சிரிக்கத் தொடங்கினார்கள். யுகிகோ வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

அந்த நேரம் பார்த்து முகாமையாளர் உள்ளே வந்தார். அவள் வயிற்றைப் பிடித்திருந்ததை மட்டும்தான் கண்டார்.

“மிஸ், பயப்பிடாதையுங்கோ. உங்களுக்கு என்ன வருத்தம்?”

யுகிகோ அவரை வியப்பாகப் பார்த்தாள். “வருத்தமா? எனக்கு ஒரு வருத்தமும் இல்லைங்க. ரொம்ப சந்தோஷமா இருக்கேன்.”

எங்கள் ஊரில் வருத்தம் என்றால் நோய். அவளுக்கு அது மனக்கவலை. முகாமையாளர் நோயைப் பற்றிக் கேட்டார், அவள் மனதைப் பற்றிப் பதில் சொன்னாள். விளக்குவதற்கு என் வாய் திறந்தது. அக்காவின் முகத்தைப் பார்த்தேன், மூடிக்கொண்டேன். இரண்டு அர்த்தத்திலும் அவள் சொன்னது உண்மைதான். நான் ஏன் குறுக்கே போகவேண்டும்?

“ஒரு வருத்தமும் இல்லையோ?”

“இல்லைங்க. எங்க குழுவெல்லாம் இங்கதான் சாப்பிடணும். ஒரே ஒரு சொல் மட்டும் முன்னாடியே சொல்லிக் கொடுத்திடுங்க.”

முகாமையாளருக்கு எந்தச் சொல் என்று விளங்கவில்லை. அக்கா அவருக்கும் ஒரு பிளா நீட்டினார். அன்று வெள்ளிக்கிழமை, அவர் வெள்ளியில் மட்டும் மீன் தொடாத கோப்பாய்ச் சைவக்காரர். “வேண்டாம் அக்கா, இண்டைக்கு மரக்கறி” என்று சொல்லிவிட்டு அவர் பானையைப் பார்த்த பார்வையை நான் மறக்கவில்லை. லஞ்சைக் கட் பண்ணுவதைப் பற்றி அதற்குப் பிறகு அவர் கதைக்கவேயில்லை. ஞாயிற்றுக்கிழமை தனியாக வந்து குடித்துவிட்டுப் போனாராம்.

6. பிறகு

அந்தச் சீசனில் குழுக்கள் வந்தன. வானில் ஏறியதும் நான் சொல்லிக்கொடுக்கிற முதல் தமிழ்ச் சொல் ‘காணும்’. பிளாவைக் கையால் மூடிக்கொண்டு சொல்லவேண்டும். அதுவும் பாதி வயிற்றிலேயே சொல்லவேண்டும். ஏனென்றால் முதல் தடவை காணும் என்றால் அக்கா அதைக் கணக்கில் எடுக்கமாட்டார். அது மரியாதைக்குச் சொல்வது என்பது அவருடைய எண்ணம்.

பிள்ளைகளுக்கு நான் சொல்ல வந்தது இதுதான். கெஸ்டுக்குத் தெரியாத மொழியில் கவனமாகத்தான் இருப்பீர்கள். தெரிந்த மொழியில்தான் கவனம் பிசகும். ஒரே சொல்லை இரண்டு பேர் சொன்னால், ஒரே பொருளைத்தான் சொல்கிறார்களா என்று பாருங்கள். பார்த்தபிறகு எதை விளக்குவது, எதைப் பேசாமல் விடுவது என்பதை எதிரில் இருக்கிற முகத்தைப் பார்த்து முடிவு செய்யுங்கள்.

போன முறை யுகிகோ வேலையாக வரவில்லை. லீவு போட்டுவிட்டு, தன் அம்மாவையும் கூட்டிக்கொண்டு வந்தாள். நேரே குருநகர். அக்கா இப்போது சந்தைக்குப் போவதில்லை, முன்னறையில் இன்னொரு ஃபானும் சுற்றுகிறது. மகள் ஜப்பானியத்தில் ஏதோ சொல்ல, அம்மா பிளாவை இரண்டு கையாலும் பிடித்துச் சத்தமாக உறிஞ்சினார். யுகிகோவும் கடைசிச் சொட்டுவரை குடித்து முடித்தாள்.

“காணுமோ பிள்ளை?”

யுகிகோ பிளாவை வெளிச்சத்துப் பக்கம் சரித்தாள். ஒரு கண்ணை மூடிக்கொண்டு, அடிவரை நன்றாக எட்டிப் பார்த்தாள். பிறகு அக்காவைப் பார்த்து, அசல் குருநகர்க்காரி மாதிரிச் சொன்னாள்:

“காணேல்லை அக்கா.”