ஒரே ஏரியில் இரண்டு தவளை

மழை பெய்தால் அவர் என் வாடகைக் காரைக் கூப்பிடுவார். திருப்பதியில் விலங்கியல் பேராசிரியர். ஒல்லியான மனிதர், கால்சட்டையில் எப்போதும் காய்ந்த சேறு. தனியாகத்தான் வருவார். ஆனாலும் பின்சீட்டில் இடப்பக்க ஓரமாக ஒடுங்கி உட்கார்ந்து, பையை மடியில் வைத்துக்கொள்வார். வலப்பக்கம் காலியாகவே வரும். அது அவருடைய நண்பரின் இடம். இருவரும் பல வருஷம் என் காரில் பிச்சாட்டூர் ஏரிக்குச் சேர்ந்தே போனவர்கள்; இப்போது சேர்ந்து வருவதில்லை.

ஒருநாள் சாயங்காலம் ஏரியில் தவளைச் சத்தத்தைப் பதிவு செய்துவிட்டுத் திரும்பும்போது, நண்பரோடு என்ன சண்டை என்று கேட்டே விட்டேன்.

“இங்க ஒரே மாதிரி ரெண்டு தவளை கீதுப்பா. ஒண்ணு சாயங்காலம் கத்தும், இன்னொண்ணு விடியக்காலம் கத்தும். ஜோடி சேராது. ஆதியில ரெண்டும் ஒண்ணுதான். நடுவுல மலையோ ஆறோ வந்தாத்தான் ஒரு இனம் ரெண்டாவும்னு அவன் சொல்றான். ஒரே தண்ணியில இருந்துக்கினே பிரியும், கத்துற நேரம் மாறினாப் போதும்னு நான் கட்டுரை எழுதிட்டேன். அதோட பேச்சு நின்னுபோச்சு.”

தவளைக்காகவா என்று எனக்கு எரிச்சலாக வந்தது.

“அவரு இப்ப எங்க சார் கீறாரு?”

“காலேஜ்ல எனக்குப் பக்கத்து ரூம்தான். நான் வர்ற நேரத்துக்கு அவன் வர்றதில்ல.”

சொன்னதும் சட்டென்று நிறுத்திக்கொண்டார். வாதத்தில் ஜெயித்தவர் முகமாக அது இல்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை விடியற்காலையில் அந்த நண்பர் என்னைக் கூப்பிட்டார். அதே ஏரிக்குத்தான். தனியாக வந்தவர், பின்சீட்டில் வலப்பக்க ஓரமாக ஒடுங்கி உட்கார்ந்தார்.