ஆறுதலாக வரச் சொன்னார்கள்

முத்துக்கருப்பன் செல்லச்சாமி, 1897–1940. பிறந்தது கம்பளைக்கு மேலேயுள்ள ஒரு தேயிலைத் தோட்டத்துத் தொழிலாளர் லயத்தில். தொழில், மோட்டார் சாரதி. கண்டியிலிருந்து மலைக்காட்சி பார்க்கப் புறப்படுவோரை நால்வர் நால்வராக ஏற்றிக்கொண்டு, 1926 முதல் பதின்மூன்று ஆண்டுகள் இறம்பொடை வீதியில் கார் ஓட்டினார்.

அவரால் ஓரிடத்தில் நிற்க முடியாது. வண்டியை நிறுத்தியதும் இறங்கி அதைச் சுற்றி வருவார், நான்கு சில்லுகளையும் காலால் தட்டிப் பார்ப்பார், முன்கண்ணாடியைத் துடைப்பார், துடைத்ததை மறுபடியும் துடைப்பார். தோட்டத்தில் கொழுந்து நிறுக்கும் இடத்தில் வேலை கிடைத்தும் அங்கே நாள் முழுவதும் நிற்க வேண்டியிருந்ததால் அதை விட்டுவிட்டதாக அவருடைய மனைவி இரத்தினம்மா சொல்வதுண்டு. ஆயினும் அந்த அமைதியின்மையே தொழிலில் அவருக்குத் துணையாயிற்று. எந்தத் திருப்பத்தில் எத்தனை மணிக்கு வெயில் விழும், கணவாயை மூடுபனி எப்போது அடைக்கும் என்பவை அவருக்கு நிமிடக் கணக்கில் தெரியும். வண்டி நிற்கும் தரிப்புகள் நாளுக்கு ஆறு. ஒவ்வொன்றுக்கும் இத்தனை நிமிடம் என்று அவரே வகுத்து வைத்திருந்தார். கொத்மலைப் பள்ளத்தாக்கைப் பார்க்கும் இடத்துக்குப் பதினொரு நிமிடம். பத்து போதாது, பன்னிரண்டாவது நிமிடத்தில் ஆட்கள் கொட்டாவி விடுவார்கள் என்பது அவர் கண்ட முடிவு.

காரின் சொந்தக்காரர், கண்டியை அடுத்த கட்டுகஸ்தோட்டைப் பாலத்தடியில் மூன்று வாடகைக் கார்கள் வைத்திருந்த தாஸிம் முதலாளி. சாரதிகளுக்கு அவர் விதித்திருந்த கட்டளை ஒன்றே: காசு கொடுத்துக் காட்சி பார்க்க வந்தவர்களிடம் தன் வீட்டுத் துன்பத்தைச் சொல்லக்கூடாது.

1932 ஆகஸ்ட் 11, வியாழக்கிழமை, இரத்தினம்மாவைக் கண்டி ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். வயிற்றில் கட்டி, சனிக்கிழமை காலையில் சத்திரசிகிச்சை என்று வைத்தியர் முடிவு செய்தார். பிழைப்பதும் பிழையாததும் பாதிக்குப் பாதி என்றும் கூறினார். அதே சனிக்கிழமைக்கு நான்கு ஆசிரியைகள் ஒரு மாதத்துக்கு முன்பே செல்லச்சாமியின் காரைப் பேசி வைத்திருந்தார்கள். அது கண்டியில் யானை ஊர்வலம் நடக்கும் பெரஹராத் திருவிழாக் காலம். செல்லச்சாமி முதலாளியிடம் போய் வேறு ஆளை அனுப்பும்படி கேட்டார்.

"பெரஹரா முடியும் வரைக்கும் ஒரு றைவரும் சும்மா இல்ல. நான் யார அனுப்புற?" என்றார் தாஸிம். "ஒன்ட பொஞ்சாதிய டொக்டர்மார் பாத்துக்குவாங்க. நீ ஆஸ்பத்திரி வாசல்ல நின்டா அங்க உள்ளவங்களுக்குத்தான் கரச்சல்."

"நிக்க மாட்டேன் மொதலாளி. நடந்துக்கிட்டுத்தான் இருப்பேன்."

"அதத்தான் நானும் சொல்ற."

ஆஸ்பத்திரிக் கந்தோரில் எழுத்து வேலை பார்க்கும் நவரட்ணராஜா என்ற யாழ்ப்பாணத்து இலிகிதர் இருந்தார். அவருடைய பெற்றோரை முன்னர் ஒருமுறை செல்லச்சாமி நுவரெலியாவுக்கு அழைத்துச் சென்றிருந்தார். அந்தப் பழக்கத்தில் அவர் ஓர் உதவி செய்வதாகச் சொன்னார்.

"பத்தரைக்கு ஒப்பரேசன் துவங்கும். நீங்கள் மத்தியானம் சாப்பிட நிக்கிற வாடிவீட்டிலை ரெலிபோன் இருக்குத்தானே? முடிஞ்ச உடனை நானே எடுத்துச் சொல்லுறன். யோசியாமல் போட்டு வாரும்."

"கட்டாயம் சொல்லுவீங்களா ஐயா?"

"ஓம் எண்டு சொன்னாப் பிறகு என்ன கேள்வி?"

சனிக்கிழமை காலை ஏழு மணிக்குக் கார் கண்டியை விட்டது. முன்னாசனத்தில் திரேசா ரீச்சர். ஐம்பதை நெருங்கியவர், பெண்கள் பாடசாலை ஒன்றில் தமிழ் இலக்கணம் கற்பித்தவர். பின்னால் அவருடைய தோழி இரஞ்சிதம் ரீச்சர். பக்கத்தில் இரண்டு இளம் ஆசிரியைகள். நால்வரும் வடபகுதியைச் சேர்ந்தவர்கள்.

அன்று கொத்மலைக் காட்சிக்குச் செல்லச்சாமி கொடுத்தது நான்கு நிமிடம். அதற்குள் வண்டியை மூன்று முறை சுற்றி வந்துவிட்டார்.

"அந்த மலைக்கு என்ன பேர்?" என்று இரஞ்சிதம் கேட்டார். செல்லச்சாமி ஒரு பெயரைச் சொன்னார்.

"புசல்லாவையிலை காட்டினதுக்கும் உந்தப் பேர்தானே சொன்னீங்கள்?"

"இங்கருந்து பாத்தாலும் அதுதாம்மா தெரியும்."

"சரி. அப்ப இந்த நாட்டிலை ஒரு மலைதான்," என்று இரஞ்சிதம் தன் தோழியிடம் சொன்னார். இளம் ஆசிரியைகள் சிரித்தார்கள். செல்லச்சாமி அதைக் கேட்கவில்லை. மணி ஒன்பது நாற்பது என்று அவர் மனம் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தது.

இறம்பொடை நீர்வீழ்ச்சியருகே பயணிகள் தங்கிச் சாப்பிடும் வாடிவீட்டுக்கு வந்து சேர வழக்கமான நேரம் பதினொன்றரை; அன்று பத்தே முக்காலுக்கே வந்துவிட்டார். ஆசிரியைகள் தேநீர் அருந்தி, நீர்வீழ்ச்சியைப் பார்க்க நடந்து சென்றார்கள். செல்லச்சாமி ரெலிபோன் இருந்த அறைக்கும் காருக்கும் இடையில் நடந்தார். பரிமாறும் வேலையிலிருந்த வீரய்யாவும் தோட்டத்தில் பிறந்தவர்தான். அவரிடம் மட்டும் செய்தியைச் சொல்லி வைத்திருந்தார்.

"அண்ணே, நீங்க நடக்கிறதப் பாத்து எனக்கே கால் வலிக்குது. ஒக்காருங்க."

"ஒக்காந்தா மணி நகர மாட்டேங்குது வீரய்யா."

பன்னிரண்டு ஐந்துக்குப் பொறுக்கமுடியாமல், றேடியேற்றருக்கு நீர் கொண்டுவர வாளியை எடுத்துக்கொண்டு ஓடைக்கு இறங்கினார். போய்வர எட்டு நிமிடம். அந்த எட்டு நிமிடத்துக்குள் ரெலிபோன் மணி அடித்தது. அவர் திரும்பி வந்தபோது வீரய்யா படியில் தலை குனிந்து நின்றார்.

"அண்ணே, ஆஸ்பத்திரியிலருந்து எடுத்தாங்க. ஒப்பரேசன் முடிஞ்சிருச்சாம். ஒங்கள ஆறுதலுக்கு வரச் சொல்றாங்க."

"வேற என்னா சொன்னாங்க?"

"ஒரே எரைச்சல் அண்ணே. வேற ஒண்ணும் காதுல விழல."

செல்லச்சாமி வாளியைக் கீழே வைத்தார். ஆஸ்பத்திரியில் இரத்தினம்மாவின் தாய் தனியாக இருந்தாள். மகளை இழந்தவளுக்கு ஆறுதல் சொல்ல ஆள் வேண்டும். அதற்கு வரச் சொல்கிறார்கள். வேறு பொருள் எதுவும் அவருக்குத் தோன்றவில்லை. கண்டிக்கு ரெலிபோன் எடுத்துப் பார்க்கச் சொன்னார். பெரஹரா நாள், இணைப்புக் கிடைக்க ஒரு மணி நேரமாகும் என்றார்கள்.

அவர் நீர்வீழ்ச்சிப் பக்கம் போய் ஆசிரியைகளை அழைத்தார். முதலாளியின் கட்டளையை அவர் மறக்கவில்லை.

"மேல மூடுபனி ஏறிருச்சும்மா. கணவாயில ஒண்ணும் தெரியாது. இப்பவே எறங்கிருவோம்."

இரஞ்சிதம் மேலே பார்த்தார். கணவாய்க்கு மேல் வானம் கழுவித் துடைத்ததுபோல் இருந்தது.

"எங்கை மூடுபனி? அங்கை வெயிலெல்லோ எறிக்குது."

"இப்ப அடிக்கும். அடிச்சா எறங்க முடியாது."

"சாப்பாடு?"

"கம்பளையில சாப்பிடலாம்."

ஆறு ஆண்டுகளில் மூடுபனியைப் பற்றி அவர் ஒரு பயணியிடமும் பொய் சொன்னதில்லை. நால்வரும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு ஏறினார்கள். கார் இறங்கத் தொடங்கியது. மேலேறும்போது பத்து நிமிடம் எடுத்த வளைவுகளை நான்கு நிமிடத்தில் கடந்தார். எதிரே கொழுந்துச் சாக்குகளுடன் வந்த மாட்டு வண்டியை விரல் அகல இடைவெளியில் தாண்டினார். இரஞ்சிதம் கைலேஞ்சியை வாயில் அழுத்திக்கொண்டார். இளம் ஆசிரியைகளுள் ஒருத்தி செபம் சொல்லத் தொடங்கினாள். இடப்பக்கம் பாதாளம், வலப்பக்கம் பாறை.

"தம்பி," என்றார் திரேசா, முன்பலகையை இரு கையாலும் பிடித்தபடி. "ஆறுதலா ஓடுங்கோ."

செல்லச்சாமி பிறேக்கை மிதித்தார். கார் சறுக்கி, வீதியோரத்துக் கல்லருகே நின்றது.

"என்னா சொன்னீங்க?"

"ஆறுதலா ஓடுங்கோ எண்டனான். என்ன அவசரம்? ஆருக்கும் ஏதும் வருத்தமோ?"

அந்தச் சொல்லை அவர் அறியாதவர் அல்லர். யாழ்ப்பாணத்துப் பயணிகள் அவரிடம் மெதுவாகப் போகச் சொல்லும் சொல் அது. ஆண்டுக்கு நூறு முறையாவது கேட்டிருப்பார். ஆனால் வீரய்யாவின் வாயிலிருந்து அது வேறு உருபோடு வந்தது. தோட்டத்தில் அச்சொல்லுக்கு இழவு வீட்டுப் பொருள்தான் உண்டு. அப்போதுதான் அவர் எல்லாவற்றையும் சொன்னார். மூடுபனி பொய் என்பதையும் சொன்னார்.

திரேசா முன்பலகையிலிருந்து கைகளை எடுத்தார். பிறகு வகுப்பில் கேட்பதுபோல் கேட்டார்:

"ரெலிபோன் எடுத்துச் சொன்னவர் எந்த ஊர்?"

"நவரட்ணராஜா ஐயா. உங்க பக்கந்தாங்கம்மா."

"செய்தியை வாங்கினவர்?"

"தோட்டத்து ஆளு."

"அந்த ஆள் உங்களிட்டை 'ஆறுதலா' எண்டவரோ, 'ஆறுதலுக்கு' எண்டவரோ?"

"லுக்கு. லுக்குன்னுதான் சொன்னான்."

"எங்கடை மனிசர் ஒருத்தர் 'ஆறுதலுக்கு வரச் சொல்லுங்கோ' எண்டு சொல்லமாட்டார். 'ஆறுதலா வரச் சொல்லுங்கோ' எண்டால், அவசரமில்லை, நிதானமா வரட்டும் எண்டு அர்த்தம். கேட்டவர் தனக்குத் தெரிஞ்ச மாதிரி மாத்திப்போட்டார்."

"செத்த வீட்டுக்கு ஆரும் நிதானமா வா எண்டு சொல்லுவினமே?" என்று பின்னாலிருந்து இரஞ்சிதம் சொல்லிவிட்டு, சொன்னது தவறோ என்று தோன்றி, கைலேஞ்சியை மறுபடியும் வாயில் வைத்துக்கொண்டார்.

"அப்ப அவ இருக்காளாம்மா?"

"அது எனக்குத் தெரியாது தம்பி. தெரியாததைத் தெரியும் எண்டு சொல்லமாட்டன். சொல்லுக்கு அர்த்தம் இதுதான் எண்டு மட்டும் சொல்லுவன்."

மீதியிருந்த முப்பது மைல்களும் செல்லச்சாமிக்கு அந்த இரண்டு உருபுகளுக்கும் இடையில் கழிந்தன. 'ஆறுதலா' என்று மனம் சொல்லும்போது கார் நடைவேகத்துக்கு வந்தது. 'ஆறுதலுக்கு' என்று சொல்லும்போது பாய்ந்தது. புசல்லாவைக்குக் கீழே, "தம்பி, ஒண்டில் இப்பிடி ஓடுங்கோ, இல்லாட்டில் அப்பிடி ஓடுங்கோ, ரெண்டையும் மாறி மாறி என்னாலை தாங்கேலாது," என்று இரஞ்சிதம் கெஞ்சினார். கம்பளையில் புகையிரதக் கடவை மூடியிருந்தது. திரேசா தபாற்கந்தோருக்குப் போய்க் கண்டிக்கு ரெலிபோன் எடுத்துக் கேட்கலாம் என்றார்.

"வேணாம்மா."

"ஏன்? தெரிஞ்சால் நல்லதெல்லோ?"

"நல்லதா இருந்தா போய்ப் பாத்துக்கிறேன். கெட்டதா இருந்தா, அதுக்கப்புறம் உங்க நாலு பேரையும் வச்சு என்னால வண்டி ஓட்ட முடியாது."

திரேசா தலையசைத்தார். புகையிரதம் கடந்து செல்லும் வரை செல்லச்சாமி காரைச் சுற்றி நடந்தார். அந்த முறை சில்லுகளைத் தட்டவில்லை.

பேராதனைக்கு அப்பால் வீதியில் சனக்கூட்டம். இரண்டு யானைகள் நகரை நோக்கி நடந்துகொண்டிருந்தன. அவற்றின் பின்னால் காரை உருட்டினார். வழியில் இறங்கிக்கொள்வதாக ஆசிரியைகள் சொன்னதை ஏற்கவில்லை. ஏற்றியவர்களை நடுவழியில் இறக்குவது தன் வழக்கமில்லை என்றார். ஆகவே நால்வரையும் ஏற்றியபடியே ஆஸ்பத்திரி வாசலுக்குப் போய்ச் சேர்ந்தார். மணி நான்கு இருபது.

நவரட்ணராஜா கந்தோர் விறாந்தையில் நின்றிருந்தார்.

"என்ன, ஓடி வந்திட்டீர்? நான் ஆறுதலா எல்லோ வரச் சொன்னனான். நுவரெலியா வரைக்கும் போகேல்லையே?"

செல்லச்சாமி அவரைக் கடந்து வாட்டுக்குள் சென்றார். இரத்தினம்மா கண்களை மூடிக் கிடந்தாள், மூச்சு வந்துகொண்டிருந்தது. அவர் கட்டிலைச் சுற்றி நடக்கும் ஓசை கேட்டுக் கண் விழித்தாள்.

"சுத்தாதீங்க. தலை சுத்துது," என்றாள்.

செல்லச்சாமி கட்டிலின் பக்கத்துக் கதிரையில் உட்கார்ந்தார். தாதி வந்து எழுப்பும் வரை ஒன்றரை மணி நேரம் அசையாமல் இருந்ததாக அவருடைய மாமியார் பின்னர் பலரிடம் சொன்னாள், பலர் நம்பவில்லை. வெளியே நான்கு ஆசிரியைகளும் செய்தியைக் கேட்டுவிட்டு நடந்தே விடுதிக்குப் போனார்கள்.

செப்டெம்பர் மாதத்தில் அவர்களை மறுபடியும் அழைத்துச் சென்றார். ஆறு தரிப்புகளும் குறையாமல் வேண்டும் என்பது திரேசாவின் நிபந்தனை. அன்று மூடுபனி உண்மையாகவே அடைத்தது. இரஞ்சிதம் அதை நம்ப மறுத்து, கணவாயில் முக்கால் மணி நேரம் காத்து நின்றார். தாஸிம் முதலாளி நடந்ததை முழுவதும் கேட்டு, "எங்கட பக்கத்திலயும் ஆறுதல்னா மெதுவாத்தான். என்ட கிட்டக் கேட்டிருந்தா சொல்லியிருப்பேனே," என்றார். "மொதலாளி கட்டுகஸ்தோட்டையில இருந்தீங்க, நான் மலையில இருந்தேன்," என்றார் செல்லச்சாமி. வீட்டுத் துன்பத்தைப் பயணிகளிடம் சொல்லக்கூடாது என்ற கட்டளை அதன் பிறகு வலியுறுத்தப்படவில்லை. பிறர் வாய்வழிச் செய்தியைச் செல்லச்சாமி ஏற்பதும் நின்றது. ரெலிபோனைத் தானே கையில் வாங்கி, சொன்னதைச் சொன்னவரிடமே திரும்பச் சொல்லி, 'அதுதானே?' என்று கேட்பார். இது பலருக்கு எரிச்சலூட்டியது.

இரத்தினம்மா தேறி எழ மூன்று மாதமாயிற்று. கனத்த வேலை கூடாது என்று வைத்தியர் தடுத்திருந்தார். அவளை ஆண்டுக்கு ஒருமுறை, பயணிகள் இல்லாத நாளில், முன்னாசனத்தில் வைத்து இறம்பொடைக்கு அழைத்துச் செல்வதை அவர் வழக்கமாக்கினார். முதன்முறை கொத்மலைக் காட்சியின் முன் நிறுத்தியபோது அவள் வெகுநேரம் பார்த்துவிட்டு, "இதப் பாக்கவா சனம் காசு குடுக்குது? கொழுந்து எடுக்கறப்ப பொழுதன்னைக்கும் எதிருக்க இதானே இருந்துச்சு," என்றாள்.

"அப்ப பாத்தியா?"

"எங்க பாக்க? கங்காணி நின்னானே."

1939 செப்டெம்பரில் உலக யுத்தம் தொடங்கியதும் மலைப் பயணங்கள் நின்றன. செல்லச்சாமி மறு ஆண்டு மே மாதம் நெருப்புக் காய்ச்சலில் காலமானார். இரத்தினம்மா அவருக்குப் பின்னும் நெடுநாள் வாழ்ந்தாள். அவளை ஏற்றிக்கொண்டு அவர் கடைசியாக இறம்பொடைக் கணவாய்க்குக் கார் ஓட்டியது 1939 ஆகஸ்ட் 20, ஞாயிற்றுக்கிழமை.