அம்மனுக்கு எழுதிய ஊர்

இங்கிலாந்தில் நான் வேலை பார்க்கும் மியூசியத்தில், காலையில் என் முதல் வேலை ஓர் அம்மனுக்குக் குளிருகிறதா என்று பார்ப்பது. கண்ணாடிப் பெட்டிக்குள் ஒரு சாண் உயர வெண்கலச் சிலை. உள்ளிருக்கும் மீட்டரைப் பார்த்துச் சூட்டையும் ஈரப்பதத்தையும் நோட்டில் குறிக்க வேண்டும். 'திண்டுக்கல். அங்கே கலெக்டராக இருந்தவர் சேகரித்தது' என்கிறது அட்டை. எந்தக் கோயில், யார் கொடுத்தது, கேட்டுத்தான் எடுத்தாரா, எதுவும் இல்லை. செம்பட்டியில் பிறந்த நான் பல வருஷமாக அவளுக்குக் காவல்.

போன குளிர்காலத்தில் ஓர் இளைஞன் தினமும் வந்து பெட்டிமுன் நின்றான். ஒருநாள் ஷூவைக் கழற்றிவிட்டுக் கும்பிட்டான். உடன் வேலை பார்க்கும் மார்கரெட், "பாவம், கால் வலி போல" என்று நாற்காலி கொண்டுவந்து போட்டாள். அவன் திகைத்துப்போய் உட்கார்ந்தான். நான் தமிழில் பேசியதும் முகம் மலர்ந்தது.

"நீங்க எந்தப் பக்கம்க்கா?"

"செம்பட்டிப்பா."

"அட, நான் திண்டுக்கல்லுதான்க்கா! கேம்ப்ல பொறந்தவன்."

பெயர் சுதன். பெற்றோர் ஈழத்திலிருந்து படகில் அகதிகளாக வந்தவர்கள். அவன் இலங்கையைப் பார்த்ததே இல்லை. இந்தியாவில் குடியுரிமை கிடைக்கவில்லை. இங்கே அகதி மனுப் போட்டுவிட்டு, சுவரெல்லாம் பூசணம் பிடித்த ஓட்டல் அறையில் இன்னும் மூன்று பேரோடு காத்திருந்தான். விசாரணையில் சொந்த ஊர் கேட்டார்களாம்.

"திண்டுக்கல்னேன். அது நீ தங்கியிருந்த எடம், ஒன் ஊரு இல்லைங்கிறாக. இந்தச் சாமிக்கு மட்டும் திண்டுக்கல்லுன்னு எழுதி ஒட்டியிருக்காகளேக்கா."

மறுநாளிலிருந்து டிபன் பாக்ஸில் அவனுக்கும் சேர்த்துக் கொண்டுபோனேன். "கத்திரிக்கா வெஞ்சனமா?" என்பான், மூடியைத் திறக்கும் முன்பே. மூன்றாம் மாதம் அவனை வடக்கே வேறு ஊருக்கு மாற்றிவிட்டார்கள். சொல்லிக்கொள்ளக்கூட நேரமில்லை. பிறகு போனில் அழைத்தான்.

"ஊருக்குப் போனா எங்கம்மாவ ஒரு எட்டுப் பாத்துட்டு வாங்கக்கா."

இந்தத் தையில் போனேன். அகதி முகாம் வாசலில் காவலுக்கு இருந்தவர் என் பிரிட்டிஷ் பாஸ்போர்ட்டைப் புரட்டினார்.

"வெளிநாட்டுக்காரவுகள உள்ள விட முடியாதும்மா. பெர்மிஷன் வேணும்."

"நான் செம்பட்டிங்க."

"பேச்சுலயே தெரியுதும்மா. ஆனா புத்தகம் வேற சொல்லுதே." அவர் குரலில் வருத்தம்தான் இருந்தது. உள்ளே ஆள் அனுப்பினார்.

சுதனின் அம்மா வாசலுக்கே ஓடிவந்தார். கம்பிக் கதவின் இடைவெளியில் கைவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"பிள்ளை, அவன் வடிவாச் சாப்பிடுறானோ?"

"சாப்பிடுறான்மா," என்றேன். அவர் கையை விடவில்லை. முப்பது வருஷமாக உள்ளே இருப்பவர் அவர். இந்த மண்ணில் பிறந்து வெளியே நிற்பவள் நான். செம்பட்டி பஸ் ஒன்று ஹாரன் அடித்தபடி எங்களைக் கடந்து போனது.