புடுங்குன வண்டிக்காரி

சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு டிராக்டரில் ஏறி உட்கார்ந்தாயிற்று. கிளட்சை இருபது முறை மிதிக்கிறார். ஸ்டீயரிங்கை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் வளைக்கிறார். சாவி தாலுகா ஆபீஸ் பீரோவுக்குள் இருக்கிறது. அதற்காகக் கிளட்ச் ஒட்டிப்போகும்படி விட முடியுமா?

ஐம்பதைத் தொடும் அழகுநாச்சி, திங்கள்தோறும் மனு நாளில் முதல் பஸ்ஸில் வந்துவிடுகிறார். ஆபீஸ் பின்புறத்தில், பறிமுதலான மணல் லாரிகளுக்கு நடுவே அவருடைய டிராக்டர் மூன்று மாதமாக நிற்கிறது, ஏற்றிய மண்ணோடு.

"என்னக்கா, எதுவரைக்கும் போயிட்ட?" என்பார் லாரி மீட்க வந்த டிரைவர்.

"மெட்ராஸத் தாண்டிட்டேன் தம்பி. வழியில ஒரு பய மறிக்கல."

'புடிச்ச வண்டி' என்று யாராவது சொன்னால் போதும். "புடிச்ச வண்டியில்ல, புடுங்குன வண்டி" என்று உடனே திருத்துவார்.

கண்மாயில் கரம்பை என்னும் கறுப்பு வண்டல் மண்ணை அள்ளித் தன் வயலுக்குக் கொண்டுபோக முறையாக அனுமதி வாங்கியவர். வழிமறித்த வருவாய் ஆய்வாளரிடம் அந்தத் தாளையும் நீட்டியிருக்கிறார். அவரோ ரோட்டுக்குக் கொட்டும் செம்மண் கிராவலை அனுமதியில்லாமல் கடத்தியதாகப் பறிமுதல் மகஜரில் எழுதிவிட்டார். "கறுப்பா இருக்கே, இதுவா கிராவலு?" என்று கேட்டதற்கு, "எழுதியாச்சு. எழுதுனத மாத்த முடியாது" என்றாராம். அந்தத் தாள் இப்போது லேமினேஷன் போட்டு மஞ்சள் பைக்குள் இருக்கிறது. டீக்கடைக்காரர்கூட அதை நாலு தடவை படித்துவிட்டார்.

வண்டியை மீட்கச் சுலபமான வழி ஒன்று உண்டு. அச்சடித்த மனு; அபராதம்; கையெழுத்து. குற்றம் இணக்கமாகத் தீர்ந்ததென்று சாவியைக் கொடுத்துவிடுவார்கள். கூட வந்து நின்ற லாரிகளெல்லாம் அப்படித்தான் போயின. கணவர் சேவுகனும் கெஞ்சிப் பார்த்துவிட்டார்.

"ஒரு கையெழுத்துத்தானடி. ஒழவு வருதுல்ல?"

"போட்டா வண்டி வரும். களவாணிப் பட்டமும் கூடவே வரும். அதுக்கும் சேத்து ஷெட்டுப் போடுவியாய்யா?"

பட்டம் மட்டுமல்ல. இன்னொரு தடவை யாராவது மறித்தால், 'ஏற்கெனவே ஒப்புக்கொண்டவர்' என்று அதே தாளைக் காட்டுவார்கள். பிறகு டிராக்டர் திரும்பவே திரும்பாது. இதை அவருக்கு எந்த வக்கீலும் சொல்லித்தரவில்லை. மனுவை எழுத்துக்கூட்டிப் படித்து அவரே கண்டுகொண்டது.

ஆவணியில் நல்ல மழை. அடுத்த திங்களன்று ஒரு பிடி தண்டங்கீரை விதையை டிராக்டரின் டிப்பரில் இருந்த மண்மேல் தூவினார். வாட்ச்மேன் ஓடிவந்தார்.

"அரசாங்கம் கைப்பத்துன மண்ணுல வெவசாயமா பண்ற?"

"அரசாங்க மண்ணுன்னா நீங்க தண்ணி ஊத்துங்க. நான் வாரம் ஒருக்காதான வர முடியும்?"

முணுமுணுத்துக்கொண்டே அவரும் ஊற்றினார் என்றுதான் கேள்வி. கீரை முழங்கால் உயரத்துக்கு வந்துவிட்டது. ஆபீஸ் பெண்கள் ஒரு கட்டுக் கேட்டதற்குக் கைவைக்க விடவில்லை. "சாச்சியக் கடஞ்சு சாப்பிடுவாகளா தாயி?"

போன திங்கள் துணை வட்டாட்சியர் உள்ளே கூப்பிட்டார். நல்ல மனிதர்தான். மனுவைப் பூர்த்தி செய்தே வைத்திருந்தார்.

"பொரட்டாசி ஒழவு போகுதேம்மா. கையெழுத்துப் போடுங்க, இப்பவே சாவியத் தாரேன்."

"வாசிங்கய்யா."

"'என் மீதான குற்றத்தை ஒப்புக்கொண்டு...'"

"அந்த 'ஒப்புக்கொண்டு'வ அடிச்சிருங்க."

"அத அடிச்சா மனுவே இல்லம்மா."

அழகுநாச்சி எழுந்து வெளியே போனார். திரும்பி வரும்போது கையில் நாலு கீரைத்தண்டு, வேரும் வேரைக் கவ்விய கறுப்பு மண்ணுமாக. அதை மனுவின் மேலேயே வைத்தார். மண் உதிர்ந்து கையெழுத்துப் போட வேண்டிய இடத்தை மூடியது.

"நீங்க புடுங்குன கிராவல்ல இது மொளச்சுச்சுன்னு மொதல்ல நீங்க எழுதிக் கையெழுத்துப் போடுங்கய்யா. அப்பறம் நான் போடுறேன்."

அழகுநாச்சி மேசையில் கிடந்த பேனாவை எடுத்து, மூடியைக் கழற்றி, அவரிடம் நீட்டியபடி நின்றார்.