சகலை வண்டியின் காற்று

இன்று காலை வடக்குத்து கிராமத்தில் இருக்கும் தன் அக்கா வீட்டிலிருந்து என் மனைவி சகலையின் பிக்கப்பில் வந்து இறங்கினாள். இறங்கியதும் சொன்னாள்: "மாமா வண்டியில ஒரு தும்மல்கூட வரலங்க. நம்ம வண்டின்னா தும்மிக்கினேதான் வரணும்."

இரண்டும் ஒரே மாடல். இரண்டும் நிலக்கரி மைன்ஸ் கான்ட்ராக்டில்தான் ஓடுகின்றன. எனக்கு வயிறு எரிந்தது.

நேராக ஸ்பேர்ஸ் கடைக்குப் போய் ஏசி ஃபில்டர் கேட்டேன். கடைக்காரர் எங்கள் இருவருக்குமே பழக்கம்.

"ஏசி ஃபில்டர் சாதாவா, கார்பனாங்க?" என்றார்.

"எங்க சகலை எத வாங்கினாரு?"

"கார்பன்."

"அதையே குடுங்க."

வீட்டுக்கு வந்து டேஷ்போர்டு பெட்டியைக் கழற்றிப் பழையதை உருவினேன். மைன்ஸ் பழக்கப்படி, தூசி சேரும்போதெல்லாம் கம்ப்ரசரில் காற்றடித்து அதையேதான் திரும்ப மாட்டிக்கொண்டிருந்தேன். அடித்த அடியில் நடுவில் கட்டைவிரல் நுழையும் அளவுக்கு ஓட்டை. இத்தனை நாள் நிலக்கரித் தூசி அதன் வழியாகத்தான் அவள் மூக்குக்குப் போயிருக்கிறது.

புதியதை மாட்டி, ஏசியைப் போட்டு, டவுன்ஷிப்பை ஒரு சுற்றுச் சுற்ற அவளை அழைத்துப் போனேன். தும்மவில்லை. ஆழமாக மூச்சை இழுத்துவிட்டுச் சொன்னாள்:

"இப்பதாங்க மாமா வண்டி மாதிரி இருக்கு."

கார்பனுக்கும் மேலே ஏதாவது ஃபில்டர் இருந்தால் சொல்லுங்கள் நண்பர்களே. சகலைக்குத் தெரிய வேண்டாம்.