கேமராவில் விழாத பஸ் படிக்கட்டு

குணசுந்தரி தன் புருஷன் ஜெயவேலோடு ஏழு மாதமாகப் பேசவில்லை. தேவிகாபுரம் தேருக்கு அவளைச் சைக்கிள் கேரியரில் உட்கார வைத்துக் கூட்டிப்போனவன், திரும்பும்போது அவள் ஏறிவிட்டாள் என்று நினைத்து ஆரணிவரை தனியாகவே மிதித்து வந்துவிட்டான். வழியெல்லாம் அவளோடு பேசிக்கொண்டே வந்ததாக வேறு சொன்னான்.

அன்றிலிருந்து சோறு தயாரானால் அவள் சொம்பிடம் சொல்வாள். அவன் கதவைப் பார்த்துப் பதில் சொல்வான்.

அவள் வீட்டில் பட்டு நூல் சுற்றினாள். அவனுக்கு பஸ் ஸ்டாண்டு அருகே சைக்கிள் கடை. 1978இல் ஒரு நாள் மெட்ராஸிலிருந்து வந்திருந்த டைரக்டர் சக்கரவர்த்தி, வாடகை சைக்கிள் கேட்டு அந்தக் கடைக்கு வந்தார். திருமலைப் பக்கம் ஒரு காதல் படம் எடுத்து முடித்திருந்தார். அதில் காதலர்கள் ஒரு வார்த்தை பேசாமல் பஸ் ஸ்டாப்பில் பிரிகிறார்கள். அவர்கள் சேர்ந்திருந்தால் பதினைந்து வருஷம் கழித்து எப்படி இருப்பார்கள் என்று பத்து நிமிஷப் படம் ஒன்றும் எடுத்து, பெரிய படத்துக்கு முன்னால் காட்ட ஆசைப்பட்டார்.

அந்த நேரம் குணசுந்தரி சாப்பாட்டுத் தூக்கை ஸ்டூலில் ணங்கென்று வைத்துவிட்டுத் திரும்பினாள். ஜெயவேல் சுவரைப் பார்த்து உட்கார்ந்து சாப்பிட்டான். டைரக்டருக்கு ஜோடி கிடைத்துவிட்டது.

"பக்கத்துல பக்கத்துல உக்காருங்க, பேசவே கூடாது. கடைசியில அவர் கொய்யாப்பழம் குடுப்பார். நீங்க சிரிச்சு வாங்கிக்கணும்."

"பேசாம இருக்கறது ஒண்ணும் கஷ்டமில்ல சார்," என்றாள் குணசுந்தரி. "சிரிக்கறதுதான் பாக்கணும்."

சேத்துப்பட்டு ரோட்டு பஸ் ஸ்டாப்பில் கேமரா ஓடியது. இருவரும் ஆளுக்கொரு திசையைப் பார்த்து அப்படியே உட்கார்ந்திருந்தார்கள். ஜெயவேல் கொய்யாவை நீட்டப்போன சமயம் நிஜ பஸ் ஒன்று வந்து நின்றது. நின்ற பஸ்ஸை விட்டுப் பழக்கமில்லாத குணசுந்தரி ஏறிவிட்டாள்.

"ஏமே! நில்லுமே!" ஜெயவேல் கொய்யாவோடு ஓடினான். பஸ் வளைவில் திரும்பி மறைந்தது, அவனும் மறைந்தான். படம் அங்கேயே முடிந்தது.

வளைவுக்கு அந்தப் பக்கம் நடந்தது கேமராவில் இல்லை. "நிறுத்துங்கண்ணே, எங்க வூட்டுக்காரரு வந்துகினு இருக்காரு!" என்று குணசுந்தரி கண்டக்டரிடம் கத்தினாள். படிக்கட்டில் மூச்சு வாங்க நின்றவனிடம், "ஜல்தி ஏறுய்யா," என்றாள். அவன் பழத்தை நீட்டினான்.

"இன்னாய்யா, கடிச்சிருக்குது?"

"ஓடச்சொல்லோ பயத்துல கடிச்சிட்டேன்."

அவள் மீதியைத் தின்றாள்.

காதல் படம் பரிசு வாங்கியது. சின்னப் படத்தின் மௌனத்தைப் பத்திரிகைகள் பக்கம் பக்கமாகப் புகழ்ந்தன. ஆரணியில் ஞாயிறு காலைக் காட்சிக்குத் தெருவே திரண்டு போனது. பஸ் வளைவில் மறைந்ததும், "ஏறுனாரா இல்லியா?" என்று கொட்டகையில் கூச்சல். குணசுந்தரி எழுந்து நின்று, "ஏறிட்டாரு, ஏறிட்டாரு! உக்காருங்க," என்றாள். பெரிய படம் தொடங்கியபோது பாதிப்பேர் டீக்குப் போயிருந்தார்கள்.

1983இல் சக்கரவர்த்தி அதேபோல் பேச்சில்லாத அடுத்த சின்னப் படத்துக்கு வந்தார். இந்த முறை இருவராலும் ஒரு நிமிஷம்கூட வாயை மூட முடியவில்லை. கேமரா ஓடும்போதே பால்காரனைப் பற்றிப் பேசினார்கள், சிரித்தார்கள். மூன்றாம் நாள் டைரக்டர் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார்.

குணசுந்தரிக்குப் பாவமாக இருந்தது. "சார், எங்க அக்கா காத்தாயி சேத்துப்பட்டுல கீது. அதுவும் மாமாவும் பொங்கல்லேர்ந்து பேசிக்கறதில்ல. அட்ரஸ் தரட்டா?"

சக்கரவர்த்தி பேனாவை எடுத்தார்.