வெள்ளிக்கிழமைகளில் சாகாத நடிகர்

டேனிஷ் நகரமான டோஸ்ட்ருப்பில் நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தில் ஒரு பிரித்தானிய நடிகர் இருக்கிறார். டேனிஷ் மனைவியோடு இந்த நாட்டுக்கு வந்தவர். மனைவி இறந்து, மறதி நோயும் வந்தபோது முதலில் போனது டேனிஷ் மொழிதான். எனக்கு ஆங்கிலம் வரும் என்று அவரை என்னிடம் விட்டார்கள்.

கதாநாயகனாக அவர் நடித்ததேயில்லை. கதவு திறக்கும் வேலையாள், பாதிரியார், மருத்துவர். துப்பறியும் தொடர்களில் பெரும்பாலும் பாதியிலேயே கொல்லப்படுவார். சிறுவயதில் அவற்றை வீட்டில் பார்த்திருக்கிறேன். அம்மா பள்ளிக்கூடம் போகாதவர். திரையின் அடியில் ஓடும் டேனிஷ் எழுத்துகளை வாசித்துத் தமிழில் சொல்வது என் வேலை. ஆனால் அந்தத் தொடர்கள் வெள்ளிக்கிழமைகளில்தான் வந்தன. யாரோ சாகப்போகிறார் என்று பட்டதும் அம்மா ரிமோட்டை எடுத்து நிறுத்திவிடுவார்.

“விளக்கு வச்ச வீட்டில செத்தவீடு வேண்டாம்.”

“அது நடிப்பு அம்மா!”

“நடிப்பெண்டாலும் பிரேதம் பிரேதம்தான்.”

ஆகவே எங்கள் வீட்டில் அவர் ஒருநாளும் சாகவில்லை.

ஒரு வெள்ளிக்கிழமை அவருக்குச் சவரம் செய்தபோது, சிறுவயதில் நான் பார்த்த அவருடைய தொடரைப் பற்றிச் சொன்னேன். என் மணிக்கட்டைப் பிடித்தார்.

“மாடிப்படியில் விழுவேனே, அதுவா? நான் நன்றாகச் செத்தேனா? மூச்சு விட்டது தெரிந்ததா?”

தன்னைத் திரையில் பார்க்க அவருக்குத் துணிவு வந்ததேயில்லையாம். எனக்கும் தெரியாது என்றேன்.

“பார்த்துச் சொல்.” கையை விடவில்லை.

மறுநாள் கணினியில் தேடி எடுத்தேன். அம்மா கறிக்கு லீக்ஸ் வெட்டுவதை விட்டு, கத்தியோடு வந்து நின்றார்.

“நிப்பாட்டவோ?” என்று கேட்டேன்.

“சனிக்கிழமைதானே, ஓடட்டும்.”

அவர் விழுந்தார். கமெரா அவர் முகத்தைவிட்டு நெடுநேரம் அகலவில்லை.

“கண்மடல்கூட ஆடேல்லை, பாத்தியே! நல்லாச் செத்திருக்கிறார் மனிசன்,” என்றார் அம்மா. எனக்குள் ஒன்றும் அசையவில்லை. திரும்பவும் ஓடவிட்டுப் பார்த்தேன். அப்போதும் ஒன்றும் இல்லை.

திங்கட்கிழமை சவரத்தின்போது சொன்னேன். “மிக நன்றாகச் செத்தீர்கள். என் அம்மாவும் பார்த்தார்.”

“யார் செத்தது?”

மாடிப்படி, தொடர், அம்மா என்று முதலிலிருந்து விளக்கினேன். பொறுமையாகக் கேட்டார். பிறகு சவரக்கத்தி பிடித்திருந்த என் கையின் மேல் தன் கையை வைத்தார்.

“உன் அம்மாவா? மிகவும் வருந்துகிறேன்.”

தொடர்களில் மருத்துவராக வரும்போது அவர் பேசும் அதே குரல். ஒரு சொல்லும் பிசகவில்லை.

இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். நன்றி என்று சொல்லிவிட்டு மறு கன்னத்துக்கு நுரை பூசினேன்.